தவிட்டுக்கு விற்ற பிள்ளை

ராயபுரம் துறைமுக வாசலில் தவுடன் என்று சொன்னால் போதும், தெருவும் கதவிலக்கமும் வேண்டாம். எந்தச் சுமைகூலியும் கையைப் பிடித்து அழைத்துக்கொண்டுபோய் அவன் வீட்டு வாசலில் விட்டுவிடுவான். அப்படிப் பேர் எடுத்த ஆள். அப்பன் முனுசாமி கட்டுமரத்தில் போனவன், திரும்பவில்லை. பள்ளிக்கூடத்து வாசலைத் தவுடன் மிதித்ததே கிடையாது. ஒரு மூட்டை அரிசியைத் தூக்கிவிட்டு மற்றவன் மூச்சு வாங்குவான். தவுடன் ஒன்றின்மேல் ஒன்றாக இரண்டை ஏற்றிக்கொண்டு, கப்பலுக்கு ஏறுகிற பலகை ஆடுகிற ஆட்டத்துக்குப் பாட்டும் பாடிக்கொண்டு போவான். அந்த முதுகை வைத்தே பனைமரத்தொட்டித் தெருப்பக்கம் ஓட்டு வீடு கட்டினான். எவனிடமும் கைகட்டி நின்று கட்டிய வீடு அல்ல. இதை அவனே வருகிறவன் போகிறவனிடமெல்லாம் சொல்லுவான். சொல்லட்டுமே! உழைத்தவன் சொல்லாமல் வேறு யார் வந்து சொல்லப்போகிறார்கள்?

வீட்டில் பெண்டாட்டி மங்கை. அப்புறம் கோவிந்தம்மா என்ற கிழவி. கிழவியைத் தவுடன் அத்தை என்று கூப்பிடுவான்.

வெள்ளைக்காரன் போய் ஏழெட்டு வருஷம் ஆகியிருந்தது. ஒருநாள் காலையில் ஆள் எடுக்கிற இடத்தில் மேஸ்திரி கோதண்டம் சேதி சொன்னார்.

"இன்னாடா தவுடு, விசயம் தெரியுமா? இனிமே அட்டை கீறவனுக்குத்தான் கேட்டு தொறக்குமாம். போட்டோ ஒட்டி, சர்க்கார் முத்திரை குத்தின அட்டை."

"என் மூஞ்சியவுட இன்னா மாமு அட்டை? கேட்டுல காவலுக்கு நிக்கிற பட்டாணியக் கேளு, என் மூஞ்சி தெரியுமா தெரியாதான்னு."

"மூஞ்சி தெரிஞ்சா பத்தாதாம்டா. வயசு தெரியணுமாம். அம்பத்தஞ்சு தாண்டிட்டா அட்டை கெடையாது. வூட்ல போய் குந்திக்க வேண்டியதுதான்."

தவுடன் தலையைச் சொறிந்தான். "எனக்கு இன்னா வயசு மாமு?"

"நல்லா கீதுடா! அத்த என்னாண்ட கேக்குறியா?"

எல்லாரும் சிரித்தார்கள். தவுடனும் சிரித்தான். அட்டை என்பது தனக்குத் தானாக நடந்து வரும் என்று நினைத்தான். மறுநாளே படம் பிடிக்கப் போனான். சவரக்கடைக்காரனிடம் கோட்டு இரவல் வாங்கி, தலைப்பாகை கட்டி, மீசையை முறுக்கி, ஜமீன்தார் மாதிரி உட்கார்ந்தான். துறைமுக ஆபீசில் அந்தப் படத்தைப் பார்த்துவிட்டு, தலைப்பாகை ஆகாது, முகம் மட்டும் போதும் என்று திருப்பிக் கொடுத்துவிட்டார்கள். இன்னொரு தடவை பிடிக்க வேண்டியதாயிற்று. தள்ளுபடியான படத்தைக் கோவிந்தம்மா, "எனக்குக் குடு" என்று கேட்டு வாங்கி வைத்துக்கொண்டாள்.

முகத்துக்கு வழி பிறந்தது. வயதுக்குத்தான் பிறக்கவில்லை. ஒரு டாக்டரிடம் அனுப்பினார்கள். அவர் வாயைத் திறக்கச் சொல்லிப் பல்லைப் பார்த்தார். திரும்பச் சொல்லி முதுகைப் பார்த்தார். முப்பது வருஷமாக மூட்டை தின்ற முதுகு. வெற்றிலைக் காவியேறிய பல். ஐம்பத்தெட்டு என்று எழுதிக் கொடுத்துவிட்டார். தாளைப் படித்துச் சொன்னதும் தவுடனுக்குக் காது அடைத்துப்போயிற்று. எந்த முதுகைக் காட்டி வீடு கட்டினானோ அதே முதுகு அவனைக் கிழவனாக்கிவிட்டது.

கோதண்டம்தான் அவனைச் சௌக்கத் அலியிடம் இழுத்துக்கொண்டு போனார். கார்ப்பரேஷன் ஆபீஸ் படிக்கட்டில் உட்கார்ந்து மனு எழுதிக் கொடுக்கிற மனிதர். அவர் உள்ளே போய், வெளியே வந்து, மறுபடியும் போய், ஒரு வாரம் கழித்துப் பல்லெல்லாம் தெரியச் சிரித்துக்கொண்டு வந்தார். கையில் பிறப்புப் பதிவின் நகல்.

"நாப்பத்தொம்போது! டாக்டரு எழுதினத கீசிப் போடு தோஸ்து. முனுசாமிக்கு ஒரு ஆம்புளப் புள்ள பொறந்துகீது. ஆனா ஒரு பேஜாரு. பேரு எழுதல. பேரு வைக்காத கொழந்தைன்னு கீது. இந்தக் கொழந்த நீதான்னு அட்டை குடுக்குற ஆபீசரு எப்டி நம்புவாரு? அக்கம்பக்கம் சொன்னா செல்லாதாம். பெத்தவங்க வந்து ஒரு வார்த்த சொல்லி, கைநாட்டு வெச்சா முடிஞ்சுது."

"அவ்ளோதான? அத்த கீது. இட்டாறேன்."

"அத்த இன்னாத்துக்குப்பா? ஆத்தா வேணும்."

"அத்ததான் பாய் ஆத்தா."

சௌக்கத் அலி பேனாவைக் கீழே வைத்தார்.

விஷயம் இதுதான். கோவிந்தம்மாவுக்குத் தவுடனுக்கு முன்னால் மூன்று பிள்ளைகள் பிறந்தன. மூன்றும் தவழுவதற்கு முன்பே போய்விட்டன. நாலாவது பிறந்ததும் பக்கத்து வீட்டுச் சிலுவையம்மாளைக் கூப்பிட்டாள். சிலுவையம்மாள் ஒரு முறம் தவிடு கொண்டுவந்து கொட்டிப் பிள்ளையை விலைக்கு வாங்கிக்கொண்டாள். பிறகு வளர்க்கக் கொடுப்பதுபோல் கோவிந்தம்மா கையிலேயே திருப்பிக் கொடுத்தாள். பெற்ற பிள்ளை என்றால்தானே எமன் வருவான்? விற்ற பிள்ளையைத் தேடி எதற்கு வருகிறான்! நம் பக்கத்தில் அன்றைக்கு இது நடக்காத தெரு கிடையாது. அதனால்தான் தவுடன் என்று பேர். சிலுவையம்மாளை அம்மா என்பான்; பெற்றவளை அத்தை என்பான். அப்படியே பழக்கினார்கள்.

மற்ற வீடுகளில் பிள்ளை வளர்ந்ததும் இந்தக் கட்டு தானாக அவிழ்ந்துவிடும். கோவிந்தம்மா அவிழ்க்கவில்லை. தவுடன் சிறுபிள்ளையாக இருந்தபோது கடற்கரையில் ஓர் அலை அவனைச் சுருட்டிக்கொண்டு போயிற்று. "ஐயோ எம்புள்ள!" என்று அலறிவிட்டாள். ஆட்கள் குதித்துத் தூக்கிக்கொண்டு வந்து போட்டார்கள். அந்த வாரமே அவனுக்குப் பெரியம்மை போட்டது. பிழைத்தான். முகமெல்லாம் தழும்பு. அதற்குப் பிறகு அந்தச் சொல்லை அவள் வாயால் யாரும் கேட்டதில்லை. சிலுவையம்மாளும், ஜப்பான்காரன் குண்டு போடுவான் என்ற பயத்தில் பட்டணமே காலியான வருஷம் கண்ணை மூடிவிட்டாள்.

அன்று வீட்டுக்கு வந்து தவுடன் விஷயத்தைச் சொன்னான். கோவிந்தம்மா கருவாட்டை முறத்தில் போட்டுப் புடைத்துக்கொண்டிருந்தாள்.

"அத்தே, நாளன்னிக்கு அட்டைக்குக் கடைசி நாளு. ஆபீசரு கேப்பாரு. ஆமா எம்புள்ளதான்னு ஒரு வார்த்த சொல்லிட்டு வந்துடு. ரிக்சாவுல இட்டுகினு போறேன், ராணி கணக்கா."

முறம் நின்றது.

"வேற ஆரும் சொல்லக் கூடாதா?"

"நீதான பெத்தே?"

அவள் மறுபடி புடைக்க ஆரம்பித்தாள். வெகுநேரம் கழித்து, "வந்து நிக்கிறேன்" என்றாள். மங்கை மட்டும் புருஷனைத் தனியே கூப்பிட்டு, "கெய்வி மூஞ்சே செரியில்ல. பாத்துக்க" என்றாள். தவுடன் காதில் வாங்கவில்லை. ஊரையே ஒரு குரலில் நிறுத்துகிறவன், ஒரு கிழவியைச் சொல்லவைக்க முடியாதா? அவனுக்கு உள்ளுக்குள் வேறு ஆசையும் இருந்தது. அட்டை ஒரு பக்கம். தலை நரைத்த பிறகாவது அந்தச் சொல்லை ஒருதரம் காதால் கேட்டுவிடலாம் அல்லவா? இதை அவன் மங்கையிடம்கூடச் சொல்லவில்லை.

கடைசி நாளன்று கோவிந்தம்மா தலைக்குக் குளித்து, இருந்ததில் நல்ல சேலையாகக் கட்டிக்கொண்டு ரிக்‌ஷாவில் ஏறினாள். தவுடன் பக்கத்திலேயே நடந்து வந்தான். வழியில் பார்த்தவனிடமெல்லாம், "அட்டை வாங்கப் போறோம்" என்றான்.

ஆபீசர் நல்ல மனிதர்தான். கிழவிக்கு நாற்காலி போடச் சொன்னார். நகலைப் படித்துப் பார்த்தார்.

"பெரியம்மா, இவர் உங்களுக்கு யாரு?"

கோவிந்தம்மா தவுடனைப் பார்த்தாள். முகத்துத் தழும்புகளை ஒவ்வொன்றாகப் பார்ப்பதுபோல் இருந்தது.

"சொல்லு அத்தே" என்றான் தவுடன்.

ஆபீசரின் பேனா நின்றது. "என்னன்னு கூப்பிட்டே?"

தவுடன் கையை ஆட்டி ஆட்டித் தவிட்டுக் கதையைச் சொன்னான். ஆபீசர் பொறுமையாகக் கேட்டுக்கொண்டார். "சரிப்பா, எங்க ஊரிலும் உண்டு. இருக்கட்டும். அவங்க வாயால சொல்லட்டும். பெரியம்மா, இவர் நீங்க பெத்த பிள்ளைதானே?"

"இல்ல சாமி."

அறையில் இருந்தவர்கள் எல்லாரும் நிமிர்ந்து பார்த்தார்கள்.

"அது சிலுவையம்மா புள்ள. தவுடு குட்த்து வாங்கிகினு பூட்டா. எனக்கும் அதுக்கும் ஒண்ணுமில்ல."

இதை அவள் ஆபீசரைப் பார்த்துச் சொல்லவில்லை. ஜன்னல் பக்கம் திரும்பி, வெளியே நிற்கிற யாருக்கோ கேட்க வேண்டும் என்பதுபோல் சத்தமாகச் சொன்னாள்.

தவுடனுக்கு, அம்மா என்று ஒருதரம் கூப்பிட்டால் இளகிவிடுவாள் என்று தோன்றியது. வாயைத் திறந்தான். நாக்கு புரளவில்லை. ஐம்பது வருஷத்துப் பழக்கம் லேசில் விடுமா? கடைசியில் வந்தது, "அத்தே... அத்தே..." என்பதுதான்.

ஆபீசர் தாள்களை அடுக்கி அவன் பக்கம் தள்ளினார். "நான் என்னப்பா செய்யட்டும்? நீயே அத்தைங்கிற. அவங்களும் இல்லேங்கிறாங்க." டாக்டர் எழுதிக் கொடுத்ததுதான் நிலைத்தது. ஐம்பத்தெட்டு. அட்டை இல்லை.

திரும்பும்போது ரிக்‌ஷா முன்னால் போயிற்று, தவுடன் வெகுதூரம் பின்னால் வந்தான். வீட்டுக்குள் நுழைந்ததும்தான் வெடித்தான்.

"என் வவுத்துல மண்ணள்ளிப் போட்டியே! நீயெல்லாம் பெத்தவளா?"

"வவுறு காஞ்சாலும் உசுரு கீதில்ல" என்றாள் அவள். அவ்வளவுதான் சொன்னாள். அவன் அவளோடு பேசுவதை விட்டுவிட்டான்.

துறைமுகக் கதவு அவனுக்கு மூடிக்கொண்டது. பட்டாணிக் காவலாளி முகத்தை வேறு பக்கம் திருப்பிக்கொண்டு, "அட்டை?" என்று கேட்டான். ஒரே ஒரு தடவைதான் தவுடன் அங்கே போனான். பிறகு காட்டுப்பள்ளிப் பக்கம் உப்பு ஏற்றப் போனான். கிடைத்த நாளில் வேலை, கிடைக்காத நாளில் படுக்கை. வீட்டைப் பற்றியும் முதுகைப் பற்றியும் பேசுவது தானாக நின்றுபோயிற்று. அப்படிப் பகலில் கண்ணை மூடிப் படுத்திருக்கும்போது கோவிந்தம்மா ஓசைப்படாமல் வந்து அவன் மூக்கருகே புறங்கையை வைத்துப் பார்ப்பாள். மூச்சு பட்டதும் போய்விடுவாள். அவனுக்குத் தெரியும். தூங்குகிறவன் மாதிரியே கிடப்பான். ஒரு வார்த்தை பேசியிருக்கலாம். வீம்பு விடவில்லை.

ஐப்பசி மழையில் அவளுக்குச் சளி கட்டியது. ஒரு விடியற்காலையில் மங்கை கஞ்சி கொண்டுபோய் எழுப்பினாள். உடம்பு சில்லிட்டிருந்தது.

குளிப்பாட்டும்போது இடுப்புச் சுருக்குப்பையை மங்கை அவிழ்த்து அவனிடம் கொடுத்தாள். கொஞ்சம் பாக்கு, ஒரு துண்டுப் புகையிலை, அப்புறம் அந்தத் தள்ளுபடியான படம். கோட்டும் தலைப்பாகையும் முறுக்கு மீசையுமாகத் தவுடன். கன்னத்தில் கரியால் ஒரு திருஷ்டிப் பொட்டு வைத்திருந்தாள். அழிய அழியத் திரும்பத் திரும்ப வைத்திருக்க வேண்டும். அந்த இடத்தில் காகிதம் தேய்ந்து மெலிந்திருந்தது.

தவுடன் அதை யாருக்கும் காட்டவில்லை. சட்டைப்பையில் வைத்துக்கொண்டு பாடை கட்டப் போனான்.

கொள்ளி வைத்துவிட்டு வந்தபோது சுடுகாட்டுக் கணக்கர் நோட்டைத் திறந்து கேட்டார்.

"செத்தவங்க பேரு?"

"கோவிந்தம்மா."

"நீ என்ன வேணும்?"

தவுடன் ஈரத் துண்டால் முகத்தைத் துடைத்தான். "மவன்" என்றான், மெதுவாக. சொன்ன வேகத்தில் திரும்பிப் பின்னால் பார்த்தான். அங்கே யாரும் இல்லை. ஒரு தென்னையும் மழையும்தான்.

கணக்கர் தலை நிமிராமல் எழுதினார். சாட்சி கேட்கவில்லை. கைநாட்டு வாங்கிக்கொண்டு ஒரு சீட்டைக் கிழித்துக் கொடுத்தார்.

கோதண்டம் அந்தச் சீட்டை வாங்கிப் பார்த்தார். அவருக்குக் கொஞ்சம் எழுத்து தெரியும். முகம் மாறியது.

"டேய் தவுடு! மகன்னு போட்டு முத்திரை குத்திக்கீதுடா. இத்தக் கொண்டுபோய் ஆபீசராண்ட காட்டுவோம். நல்ல மனுசன், ஏதாச்சும் பண்ணுவாரு. நாளைக்கே போவோம்."

"வேணாம் மாமு."

"ஏன்டா?"

"அது அத்தினி பேரு முன்னால இல்லன்னு சொல்லிச்சு. அது சொன்னதப் பொய்யாக்கிகினு எனக்கு ஒரு அட்டையா?"

கோதண்டம் சீட்டைத் திருப்பிக் கொடுத்தார். தவுடன் சீட்டை மடித்துப் படத்தோடு சட்டைப்பையில் வைத்து, நனையாமல் கையால் மூடிக்கொண்டான்.

"நட மாமு. மங்க தனியா கீது."