ஒரு கட்டு விறகுக்கு வந்த அபராதம்

என் மனைவி இறந்த வருஷம், அரசாங்கக் காட்டில் ஒரு கட்டு விறகு வெட்டியதற்காக என்மேல் வழக்குப் போட்டார்கள். புதுக்கோட்டை சமஸ்தானம் போய் நாலைந்து வருஷம் ஆகியிருந்தது. எங்கள் ஊர் இலுப்பூர்ப் பக்கம். வீட்டில் நானும் என் நாலு வயது மகளும்தான்.

விறகு வெட்டியது உண்மை. புதுக்கோட்டைக் கோர்ட்டுக்கு அதை ஒத்துக்கொள்ளத்தான் போனேன். வாசலில் ஒரு வக்கீல் குமாஸ்தா மறித்தார்.

"ஒத்துக்கிட்டீன்னா ஜெயிலுதான். வெட்டலைன்னு சொல்லு. வக்கீலய்யா பாத்துக்குவாரு."

பயந்துபோய் அப்படியே சொன்னேன். வழக்கு இழுத்துக்கொண்டே போயிற்று. ஒவ்வொரு வாய்தாவுக்கும் வக்கீல் ஃபீஸ், குமாஸ்தாவுக்குக் காசு, பஸ் சார்ஜ். அன்றைய கூலியும் போய்விடும். மகளை இடுப்பில் வைத்துக்கொண்டு வராந்தாவில் பொழுதுக்கும் நிற்பேன். கூப்பிடவே மாட்டார்கள். இருந்த இரண்டு ஆட்டையும் விற்றேன்.

கடைசியில் இருபது ரூபாய் அபராதம், கட்டாவிட்டால் பதினைந்து நாள் ஜெயில் என்று தீர்ப்பானது. அதே நாளில், என்னைப் போல விறகு வெட்டிய ஒருவர் முதல் வாய்தாவிலேயே குற்றத்தை ஒத்துக்கொண்டு ஐந்து ரூபாய் அபராதத்தோடு வெளியே வந்தார். அவர் பீடி பற்றவைப்பதைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

அப்படியே ஜெயிலுக்குப் போனால், இடுப்பில் இருக்கும் பிள்ளையை அங்கே யார் பார்ப்பது? குமாஸ்தாவே ஒரு கடலை மண்டிக்காரரிடம் கூட்டிப்போனார். அபராதத்துக்கும் பாக்கி ஃபீசுக்குமாகக் கடன் கிடைத்தது. கழியும்வரை மண்டியில் தங்கி மூட்டை தூக்க வேண்டும். பிள்ளைக்கு அங்கே இடமில்லை. தூரத்தில் மணமேல்குடியில் இருந்த என் தங்கை வீட்டில் விட்டுவந்தேன்.

பதினைந்து நாளுக்குப் பயந்தவன் இரண்டரை வருஷம் மண்டியை விட்டு நகர முடியாமல் கிடந்தேன். கூலியில் பாதி வட்டிக்கே போனது. மத்தியானம் எல்லோரும் சாப்பிடப் போனபின், மகள் இப்போது எவ்வளவு வளர்ந்திருப்பாள் என்று சுவரில் கை வைத்துப் பார்ப்பேன்.

கடன் தீர்ந்த மறுநாளே மணமேல்குடிக்குப் பஸ் ஏறினேன். தங்கையின் பிள்ளைகளோடு வாசலில் விளையாடிக்கொண்டிருந்த மகள் என்னைக் கண்டதும் எழுந்தாள். அந்தப் பிள்ளைகள் என்னைக் கூப்பிடுவதைப் போலவே, "வாங்க மாமா" என்றாள். உள்பக்கம் திரும்பி, "ஆத்தா, மாமா வந்திருக்காங்க" என்று குரல் கொடுத்தாள்.

தங்கை ஓடிவந்தாள். "அடியே, ஒங்கப்பாடி!"

"விடும்மா, அதட்டாதே" என்றேன். பிறகு மகளிடம், "எங்கூட வாரியா?" என்று கேட்டேன். அவள் தங்கையின் சேலையைப் பிடித்துக்கொண்டு பின்னால் போய் நின்றாள்.

நான் மட்டும் ஊர் திரும்பினேன். பின்னாளில் அப்பா என்று கூப்பிடப் பழகினாள். என்னோடு வந்து இருக்கத்தான் இல்லை.