வெட்டச் சொன்ன இரண்டு விரல்கள்

ஓக்லாந்தில், ரானுயியிலிருந்து எப்சத்துக்கு ரயிலும் பஸ்ஸும் மாறிப் போய், ஒரு முதியோர் இல்லத்தில் பராமரிப்பு வேலை செய்கிறேன். அங்கே ஜெர்மன்கார அம்மா ஒருவர் இருந்தார். மறதி நோய் வந்து ஆங்கிலத்தை முழுதாகக் கொண்டுபோய்விட்டது. ஜெர்மன் மட்டும் மிச்சம். கணவரையும் மறந்துபோனார். அந்தக் கணவர் பக்கத்துத் தெருவில் மகளோடு இருந்தார், பின்னேரங்களில் தவறாமல் வருவார். மனைவி தன்னை ஒருமுறையாவது அடையாளம் காண வேண்டும். அந்த வயதில் அவருக்கு வேறு ஆசை இருக்கவில்லை.

அவர் திரைக்கதை எழுத்தாளர். உலக யுத்தத்துக்குப் பிறகு, பாதி ஊர் இன்னும் இடிந்து கிடந்த நாட்டில், மலையும் காதலுமாகப் படங்கள் எழுதத் தொடங்கியவர். சனங்கள் தியேட்டரை விட்டு டிவிக்கு முன்னால் உட்கார்ந்ததும் இவரும் டிவிக்கு மாறினார். ஓய்வு பெறும்வரை துப்பறியும் தொடர்தான். எத்தனை பேரைக் கொன்றீர்கள் என்று கேட்டேன். எண்ணவில்லை, ஆனால் எல்லோரும் பணக்காரர்கள் என்றார்.

எதை எழுதினாலும் முதலில் மனைவிக்கு வாசித்துக் காட்டுவாராம். உருளைக்கிழங்குத் தோல் சீவிக்கொண்டே அம்மா கேட்பாராம். வசனம் நீண்டுபோனால் வாய் திறக்கமாட்டார். இரண்டு விரல்களைக் கத்தரிக்கோல் போல அசைப்பார், அவ்வளவுதான். இயக்குநர்களோடு மல்லுக்கட்டிய மனுஷன் அந்த விரல்களுக்கு மட்டும் அடங்கிப்போயிருக்கிறார்.

இப்போது மனைவிக்குத் தன்னைத் தெரியவில்லை என்றதும், பிழை வசனத்தில்தான் என்று முடிவு கட்டிவிட்டார். தங்கள் வாழ்க்கையை அம்மாவுக்கு மாற்றி மாற்றிச் சொன்னார். ஒருநாள் கல்யாணத்தில் தொடங்குவார், மறுநாள் மகளைத் தேடி ஓக்லாந்துக்கு வந்ததில். அன்றைக்கு எதில் தொடங்கினார் என்று எனக்கும் ஆங்கிலத்தில் சொல்லிவிடுவார். அம்மா ஜன்னலைப் பார்த்தபடி இருப்பார். எனக்கு எரிச்சலும் வரும், பாவமாகவும் இருக்கும். மறதிக்குத் திருத்தி எழுதி என்ன பயன் என்று ஒருநாள் கேட்டேவிட்டேன். தொடக்கம் இன்னும் சரியாக அமையவில்லை என்றார்.

போன குளிர்காலத்தில் ஒரு பின்னேரம் தேத்தண்ணி கொண்டுபோனேன். அவர் கதையை நீட்டிக்கொண்டிருந்தார். போர்வைக்கு மேலிருந்த அம்மாவின் கை மெல்ல எழும்பியது. இரண்டு விரல்கள் விரிந்து மூடின. திரும்பவும் விரிந்து மூடின.

அவர் பாதி வசனத்தில் நின்றுவிட்டார். எனக்குக் கோப்பையைக் கீழே வைக்கக்கூடத் தோன்றவில்லை. அம்மா என் பக்கம் திரும்பி, ஜெர்மனில் ஏதோ முறையிடுவது போலச் சொன்னார்.

என்ன சொல்கிறார் என்று அவரைக் கேட்டேன். அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு ஆங்கிலத்தில் சொன்னது, எனக்கு யாழ்ப்பாணத்துத் தமிழிலேயே கேட்டது.

"இந்தாள் நல்லாத்தான் எழுதுவார். நிப்பாட்டத்தான் தெரியாது."

அவர் மிச்சக் கதையைச் சொல்லவில்லை. கதிரையைக் கிட்ட இழுத்துப்போட்டு உட்கார்ந்தார். இருட்டி, நான் விளக்குப் போட வரும்வரைக்கும் அம்மா ஜன்னல் பக்கம் திரும்பவில்லை.