தொப்பி வைக்க இடம் தேடியவர்

அமெரிக்காவில், சன்னிவேலில் எங்கள் எதிர் வீட்டில் மகளோடு தங்கியிருந்த பிரெஞ்சுக்காரப் பெரியவர் சினிமாவில் நடித்தவர் என்று மருமகள்தான் கண்டுபிடித்துச் சொன்னாள். கதாநாயகன் இல்லை. ஹோட்டல் சர்வர், பாதிரியார், போலீஸ்காரர் என்று காலமெல்லாம் சின்னச் சின்ன வேஷம்.

"அவர் படம் நிறைய டிவில இருக்கு அத்தை, போட்டுத் தரவா?" என்றாள்.

நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவள். பிரெஞ்சும் தெரியாது, கீழே ஓடும் இங்கிலீஷும் படிக்க வராது. மகனும் மருமகளும் ஆபீஸ் போன பிறகு அவருக்காக மட்டுமே பார்த்தேன். படத்துக்குப் படம் முடி நரைத்தது, பிறகு கொட்டியது. வேஷம் மட்டும் பெரிதாகவே இல்லை.

எந்த வேஷமானாலும் உள்ளே வந்ததும் தொப்பியைக் கழற்றி, எங்கே வைப்பது என்று ஒரு கணம் தேடுவார். இடம் கிடைக்காது. கையிலேயே பிடித்துக்கொண்டு நிற்பார். ஊரிலிருந்து மகனின் இந்த வீட்டுக்கு வந்த முதல் நாள் நானும் என் பையோடு அப்படித்தான் நின்றேன்.

சாயங்காலம் மருமகள் கிண்டல் செய்வாள்.

"உங்க ஆளு இன்னைக்கும் செத்துட்டாரா அத்தை?"

"இல்லம்மா, பாதிரியாரா வந்து கல்யாணம் பண்ணி வெச்சார்."

ஒரு ஞாயிற்றுக்கிழமை லைப்ரரியில் அவர் படம் போட்டார்கள். நாங்களும் போனோம். படம் முடிந்ததும் எல்லாரும் அவரைச் சூழ்ந்துகொண்டு ஹீரோவைப் பற்றியே கேட்டார்கள். பிறகு அவர் எங்களிடம் வந்தார்.

"தான் நடிச்சது உங்களுக்குப் பிடிச்சுதான்னு கேக்கறார் அத்தை" என்றாள் மருமகள்.

தொப்பி விஷயம் நாக்கு நுனிவரை வந்தது. ஆனால் வயதானவரை முகத்துக்கு நேரே புகழ்ந்தால் கண் பட்டுவிடும் என்றே வளர்ந்தவள் நான். வெட்கமும் சேர்ந்துகொண்டது.

"ஹீரோ நல்லா நடிச்சிருக்கார்னு சொல்லும்மா."

சொன்னாள். அவர் சிரித்தபடி தலையை ஆட்டிவிட்டு நகர்ந்தார்.

காரில் மருமகள் கேட்டாள்: "இத்தனை நாள் அவரையே பாத்துட்டு, ஹீரோவையா சொல்லுவீங்க?"

"கண்ணு பட்டுடக் கூடாதேன்னுதான்."

"அது அவருக்கு எப்படி அத்தை தெரியும்?"

அப்போதுதான் உறைத்தது. ஒருநாள் என்னை அவரிடம் கூட்டிப்போய்த் தொப்பி விஷயத்தைச் சொல்லச் சொன்னேன். அவளுக்கு ஆபீஸ் வேலை ஒழியவில்லை. நடைபாதையில் அவர் எதிரே வந்தால் நான் முந்தானையை இழுத்துக்கொண்டு ஒதுங்கிவிடுவேன். அடுத்த மாதம் ஆஸ்பத்திரிக்குப் போனவர் திரும்பி வரவில்லை.

துக்கம் கேட்கப் போனபோது அவர் மகளிடம் தொப்பி விஷயத்தை மருமகள் மூலம் சொன்னேன். அந்தப் பெண் என் கையைப் பிடித்துக்கொண்டாள். அவள் சொன்னதை மருமகள் மெதுவாகச் சொன்னாள்.

"அது அவரா யோசிச்சு செஞ்சதாம் அத்தை. ஒருத்தராவது கவனிச்சாங்களான்னு கடைசிவரைக்கும் வீட்ல கேட்டுட்டே இருந்தாராம்."

கவனித்தவள் நான், எதிர் வீட்டில்தான் இருந்தேன்.