முப்பத்தாறு சீட்டு

கணக்கில் நான் புலி. காபி எஸ்டேட்டில் கூலிக்கணக்கு எழுதும் ரைட்டர் வேலைக்குச் சேர்ந்த புதிதில் இதை நானே எல்லாரிடமும் சொல்லிக்கொண்டு திரிந்தேன். இப்போது நினைத்தால் உடம்பெல்லாம் கூசுகிறது.

என் பொறுப்பில் பத்துப் பெண்கள். பழம் பறிக்கும் பருவத்தில் ஏழு பேர் சரிவில் ஏறிப் பறிக்க வேண்டும். மூன்று பேர் ஸ்டோரில் உட்கார்ந்து காய்ந்த கொட்டையில் சொத்தை பொறுக்கலாம். அந்த உட்கார்ந்த வேலை யாருக்கு என்று திங்கட்கிழமை தவறாமல் சண்டை. "இனிமே என் இஷ்டம் கிடையாது, சீட்டுதான்" என்றேன். பத்துப் பேரில் மூன்று பேரை நூற்றிருபது விதமாகச் சேர்க்கலாம். ஒவ்வொரு விதத்துக்கும் ஒரு சீட்டு, ஒவ்வொன்றிலும் மூன்று பேர். எல்லாவற்றையும் பிஸ்கட் டின்னில் போட்டு, வாரம் ஒன்றை எடுத்து, திரும்ப உள்ளேயே போட்டுவிடுவது. "நூத்தி இருவதுங்களா, அடேங்கப்பா!" என்று அவர்கள் வாயைப் பிளந்ததில் எனக்குத் தலைகால் புரியவில்லை.

ஆனால் நான் எழுதியது எண்பத்துநாலுதான்.

அந்தப் பத்துப் பேரில் மஞ்சக்குட்டையிலிருந்து வரும் ஓர் அம்மா உண்டு. ஐம்பது வயதிருக்கும். ஒரு முட்டி வீங்கியே கிடக்கும். சரிவில் பக்கவாட்டாகத்தான் ஏறுவார். உட்கார்ந்த வேலை யாருக்காவது வேண்டுமென்றால் அவருக்குத்தான். சீட்டு எழுதியதற்கு முந்தின வாரம் பழம் எடை போட்டபோது, "ஏனுங்க ரைட்டருங்க, கூட்டறதுல ஒரு கூடைய உட்டுப்போட்டீங்க" என்று எல்லார் முன்னாலும் சொல்லிவிட்டார். சொன்னது சரிதான். மற்றவர்கள் சிரித்தார்கள். எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. அவர் பேர் வரவேண்டிய முப்பத்தாறு சீட்டையும் எழுதாமலே விட்டேன். த்தூ, அதையும் பிசகில்லாமல் கணக்குப் போட்டுத்தான் விட்டேன்.

ஒன்பது வாரம் போனது. மற்ற எல்லாருக்கும் ஒரு தடவையாவது வந்துவிட்டது. பத்தாவது திங்கட்கிழமை ஸ்டோரில் அந்த அம்மா டின்னை வாங்கி மடியில் கவிழ்த்துக்கொண்டார். படிக்கத் தெரியாது, எண்ணத் தெரியும்.

"எம்பத்தி நாலுதானுங்க இருக்குது. மிச்சமெல்லாம் எங்க போச்சுங்க?"

"எங்கியாச்சும் விழுந்திருக்கும்" என்றேன்.

"அடக் கடவுளே, இதுதானா சங்கதி! எம்பேரு அதுலதான் இருக்கோணும்" என்று சொல்லி, அந்த முட்டியை மடக்கித் தரையில் இறங்கினார். சாக்குகளுக்கு அடியில் கைவிட்டுத் துழாவினார். "விடுங்கம்மா, நான் பாத்துக்கறேன்" என்றேனே தவிர, எழுதவே இல்லை என்று சொல்ல வாய் வரவில்லை. அவரை எழுப்பிவிட இரண்டு பேர் வேண்டியிருந்தது.

அன்று சாயங்காலமே முப்பத்தாறையும் எழுதிப் போட்டேன். அடுத்த வாரம் மறுபடி எண்ணிப் பார்த்தார். நூற்றிருபது. "கண்டுபுடிச்சிட்டியா கண்ணு? நொம்பத் தேடியிருப்ப. நீ நல்லா இருப்ப" என்று என் கையைப் பிடித்துக்கொண்டார். அதுவரை ரைட்டருங்க என்றுதான் கூப்பிடுவார்.

சீட்டு எடுத்தோம். அவர் பேர் வரவில்லை. "அதனால என்ன, இனி வருமில்ல" என்று கூடையை எடுத்துக்கொண்டு பக்கவாட்டாகச் சரிவில் ஏறினார்.

கூப்பிட்டு ஸ்டோரில் உட்காரச் சொல்ல எனக்கு அதிகாரம் இருந்தது. ஏன் என்று மற்றவர்கள் கேட்பார்களே என்று பயந்தேன். கூப்பிடவில்லை.