எனிட்டின் மூன்றாவது முடிவு

எனிட் டிரெகென்சா உளவுக்கதை எழுத வந்தது பேர் வாங்க அல்ல. தம்பி கில்பர்ட் நிஜமாகவே நாட்டைக் காட்டிக்கொடுத்தானா என்று அவளுக்குத் தெரிந்தாக வேண்டும். அவ்வளவுதான்.

அக்காவும் தம்பியும் லண்டனில் ஒரே ரகசிய அலுவலகத்தில் இருந்தவர்கள். அவளுக்குத் தட்டச்சு வேலை, அவனுக்கு வெளிநாட்டு வேலை. இரண்டாம் உலகப் போர் முடிந்த சில வருஷங்களில் வியன்னாவுக்குப் போனவன் திரும்பவில்லை. ரஷ்யர்களிடம் ஓடிவிட்டான் என்று அலுவலகம் கைகழுவியது. அக்காவையும் வீட்டுக்கு அனுப்பியது. கார்ன்வாலில் அவர்கள் பிறந்த மீன்பிடிக் கிராமத்துக்கு வாயில் போட்டு மெல்ல இது போதாதா? "என்ன ஜாகோ, மாஸ்கோ குளிராச்சே, பையனுக்குக் கம்பளி அனுப்பினியா?" என்று மதுக்கடையில் ஒருவன் கேட்டான். அப்பா ஜாகோ பாதி பியரை அப்படியே வைத்துவிட்டு எழுந்து வந்தார். பிறகு அந்தப் படியையும் மிதிக்கவில்லை, மகன் பெயரையும் எடுக்கவில்லை.

எனிட் சமையலறை மேஜையில் தட்டச்சுப்பொறியைப் போட்டு உட்கார்ந்தாள். பதிப்பாளர்கள் திருப்பி அனுப்பினார்கள். பெண்பிள்ளைக்கு உளவைப் பற்றி என்ன தெரியும் என்று ஒருவர் கேட்டார். போடா என்று ஆண் பெயரில் அனுப்பினாள்; புத்தகம் பிய்த்துக்கொண்டு போனது.

அந்த அலுவலகத்தில் இருந்தவர்கள் எதை எழுதினாலும் அச்சுக்கு முன் அங்கே காட்டியாக வேண்டும். பெல்லமி என்ற அதிகாரி படித்துவிட்டு, தேநீருக்கு வரவழைத்து, எதை எடுக்க வேண்டும் என்று சொல்வார். எனிட் சீக்கிரமே ஒன்றைக் கண்டுகொண்டாள். அவள் எத்தனை புளுகினாலும் மனிதர் ரசித்துச் சிரிப்பார். உள்ளதை எழுதினால்தான் "இது வேண்டாம்" என்பார். உளவுக்காரர்கள் கெட்டிக்காரர்கள்தான், ஆனால் உண்மையை மூடிவைக்கும் பழக்கம் யாரை விட்டது!

அன்றிலிருந்து தம்பியின் கதையையே, பெயரை மாற்றி மாற்றி எழுதினாள். ஒரு புத்தகத்தில் நாயகன் ஆசைப்பட்டு எதிரியிடம் ஓடினான். பெல்லமி, "பிரமாதம்" என்றார். அடுத்ததில் டான்யூப் ஆற்றில் மூழ்கிச் செத்தான். "பாவம், கண் கலங்கிடுச்சு" என்றார். மூன்றாவதில், எதிரியிடம் சிக்கிய தங்கள் பெரிய ஆள் ஒருவரை மீட்க, அவன் மேலதிகாரிகளே அவனைப் பதிலுக்குப் பிடித்துக் கொடுத்தார்கள்.

பெல்லமி இந்தத் தடவை சிரிக்கவில்லை. "இந்த முடிவு வேண்டாம், மிஸ் டிரெகென்சா."

"ஏன், நல்லா இல்லியா?"

"நல்லாத்தான் இருக்கு. எடுத்துடுங்க."

"முன்னாடி ரெண்டு முடிவுக்கும் நீங்க வேண்டாம்னு சொல்லலியே."

பெல்லமியின் கோப்பை பாதி வழியில் நின்றது. "வெளியே மூச்சு விட்டீங்கன்னா ஜெயில்தான். ஞாபகம் இருக்கட்டும்."

"நான் என்னத்தைச் சொன்னேன்? சொன்னது நீங்க." எழுதிய தாள்கட்டை வாரி எடுத்துக்கொண்டு எழுந்தாள். அந்தப் புத்தகத்தை அவள் வேறு முடிவோடு அச்சிடவே இல்லை.

ஊருக்கு ரயில் ஏறியவள் வழியெல்லாம் அழுதாள். அப்பா கணப்புக்கு முன்னால் உட்கார்ந்திருந்தார்.

"அப்பா, கில்பர்ட் ஓடலைப்பா. இவங்கதான் அவனைப் பிடிச்சுக் கொடுத்திருக்காங்க."

"யாரு சொன்னா?"

"யாரும் சொல்லலை. எழுதாதேன்னாங்க."

கிழவர் எழுந்து தொப்பியை மாட்டினார்.

"எங்கேப்பா கிளம்பிட்டீங்க?"

"மதுக்கடைக்கு."

"அப்பா, வெளியே பேசக் கூடாது. ஜெயில்ல போட்டுடுவாங்க."

"உன்னைத்தானேடி எழுதாதேன்னாங்க? என் பிள்ளையைப் பத்தி நான் பேசறேன். வந்து பிடிக்கட்டும்" என்று ஜாகோ கதவைத் திறந்தார்.