ஜப்பான் படத்தில் ஒரு கொழுந்துக் கறை

செவ்வாய்க்கிழமை எனக்கு ஒரு கடிதம் வந்தது. ஜப்பானிலிருந்து! வட்டவளைத் தபால்காரர் ஸ்டாம்பைப் பார்த்தபடி நகராமல் நின்றார். நான் அதைக் கிழித்துக் கொடுத்த பிறகுதான் சைக்கிளில் ஏறினார். அது எனக்கு வந்தது ஏன் என்று சொல்ல வேண்டாமா?

மூன்று மாதத்துக்கு முன், ஹட்டனில் துணிக்கடை வைத்திருக்கும் நண்பர் ஹாஜியார் கொழும்பிலிருந்து ஒரு படப்பெட்டி வாங்கி வந்தார். ஜப்பான் கார்ட்டூன் படம். ஞாயிறு மதியம், எங்கள் தேயிலைத் தோட்டத்தில் கைக்குழந்தைகளை விட்டுப்போகும் பிள்ளைக்காம்பராவின் ஜன்னல்களில் சாக்கை மாட்டி, வெள்ளை வேட்டியைக் கட்டிப் படத்தைப் போட்டார்.

பெட்டிக்குள் ஒரு துண்டுக் காகிதம். டைரக்டரின் வாழ்க்கை அதில் ஆறே வரி! பதினாறு வயதில் ஸ்டூடியோவுக்குப் போனாராம். அடுத்தவர் படங்களுக்கு மழை வரைந்தார். பிறகு நடக்கிற கால்கள். பிறகு கைகள்... கைகள் மட்டும் எட்டு வருஷம். சொந்தமாக டைரக்ட் செய்த முதல் படம் இதுதான். கூடவே, அபிப்பிராயம் எழுதி அனுப்ப ஒரு அட்டை.

"அபிப்பிராயம் நல்லா வந்தாத்தான் ரெண்டாவது படம் குடுப்பாங்களாம்" என்றார் ஹாஜியார். "இல்லாட்டி மனுசன் திரும்பவும் கை வரையத்தான் போகணும்."

பார்த்தால், கதையே தேயிலைத் தோட்டத்தில்! ஆனால் கொழுந்து பறிக்கிற பெண் கூடையை முதுகில் தொங்கவிடாமல் இடுப்பில், முன்பக்கமாகக் கட்டியிருந்தாள். எங்கள் பெண்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். போச்சு, மனுஷன் பாடு அவ்வளவுதான் என்று நினைத்தேன்.

அப்புறம் அவள் சாப்பிட உட்கார்ந்தாள். கை கழுவினாள். கழுவியும் விரல் நுனியில் கறுப்பாக ஏதோ ஒட்டிக்கொண்டிருந்தது. பிலிமில் அழுக்கு! 'பிரிண்ட் மோசம்' என்று அட்டையில் எழுதியே விட்டேன். பத்திரிகையில் சினிமாப் பத்தி எழுதுகிறவன் இல்லையா, கை சும்மா இருக்குமா?

ஆனால் சிரிப்பு நின்றிருந்தது. இருபது வருஷமாகக் கொழுந்து பறிக்கும் மாரியாயி அக்கா தன் விரல்களை விரித்துப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அழுக்கு இல்ல தம்பி, கொழுந்துக் கறை. சாம்பல் போட்டுத் தேச்சாலும் போகாது. இத வரைஞ்ச ஆளு வீட்ல கொழுந்து பறிச்சவங்க இருக்காங்க."

நான் எழுதியதை அடித்துவிட்டு, அக்கா சொன்னதை அப்படியே இங்கிலீஷில் எழுதினேன். கூடை விஷயத்தையும் ஓரத்தில் குறித்து அனுப்பினேன்.

செவ்வாய்க்கிழமை வந்தது அதற்குப் பதில்! டைரக்டரே எழுதியிருக்கிறார். கொழுந்து பறித்தது அவருடைய அம்மாவாம். கறையை எடுத்துவிடு, கை அழகாக இல்லை என்று ஸ்டூடியோவில் எல்லோரும் சொன்னார்களாம். அவர் கேட்கவில்லை. எங்கள் அட்டையை மேசையில் வைத்த பிறகு அவர்களே அந்தக் கறையைப் பாராட்டினார்களாம். ரெண்டாவது படம் கிடைத்துவிட்டது!

எனக்கு இருந்த சந்தோஷத்தில், மழையென்றும் பாராமல் மாரியாயி அக்கா வீட்டுக்கு ஓடினேன். எத்தனை படத்துக்குத் தீர்ப்பு எழுதியிருக்கிறேன்... ஒருநாளாவது கொழுந்து பறித்திருந்தால் இதற்குச் சரியாக எழுதியிருப்பேன் அல்லவா?

கடிதத்தின் கடைசியில் ஒரு கேள்வி: பார்க்காமலேயே கொழுந்தைத் தோளுக்கு மேலாகக் கூடைக்குள் எப்படிப் போடுகிறீர்கள்?

அக்காவுக்கு வாசித்துக் காட்டினேன். "எழுதிச் சொன்னா வெளங்காது தம்பி. வரச் சொல்லுங்க, நானே கூடை கட்டி விடுறேன்."

வரச் சொல்லி எழுதிவிட்டேன். வந்தால், மனுஷன் கறையோடுதான் ஊர் திரும்புவார்!