வேலி கூடாத தெரு

என் மனைவி விமலாதேவிக்குப் பொறாமை சாப்பாடு மாதிரி. ஒரு நேரம் இல்லாவிட்டாலும் சோர்ந்துவிடுவாள்.

1986இல் டென்மார்க்கில், பிராண்டே என்ற ஊரில் நாங்கள் மூன்றாம் மாடியில் இருந்தோம். எங்களோடு இலங்கையிலிருந்து அகதியாக வந்த லூர்தம்மாவுக்குக் கொம்யூன், அதாவது நகரசபை, வாடகைக்குக் கொடுத்ததோ, முன்னால் புல்வெளி விரிந்த தனி வீடு. "அவவுக்கு மட்டும் என்ன கொம்பே முளைச்சிருக்கு?" என்று இவள் சமையலையே விட்டுவிட்டாள்.

குடிபுகுந்ததும் லூர்தம்மா செய்த முதல் வேலை, நம் ஊர் வழக்கப்படி வேலி அடைத்ததுதான். தெருவோரம் கட்டை நாட்டிப் பச்சை வலை கட்டினார். வீதியால் போகிறவன் வீட்டுக்குள் பார்க்கலாமா! உடனே அந்தத் தெரு வீட்டுக்காரர் சங்கத்து ஆள் வந்தான். வேலியைப் பிடுங்கு, இல்லாவிட்டால் வீட்டை விடு என்றான்.

அவர் வீட்டை விட்டால், கொம்யூன் வரிசையில் அடுத்தது நாங்கள். இவள் முகத்தைப் பார்க்கவேண்டுமே! ஓடிப்போய், "அக்கா, பிடுங்காதையுங்கோ! வேலியில்லாத வளவும் ஒரு வளவோ?" என்று நன்றாக ஏற்றிவிட்டாள். லூர்தம்மாவும் சங்கத்துக்கு மசியவில்லை.

பிறகு சங்கத் தலைவரான கிழவரே வந்தார். என் அரைகுறை டெனிஷில் நான்தான் மொழிபெயர்த்தேன். அவருடைய தகப்பன் இளமையில் அமெரிக்காவில் ஒரு முதலாளியிடம் வேலை செய்தவராம். காட்டை வாங்கி, வளவுகளாகப் பிரித்து, வீடு கட்டி விற்ற முதலாளி. வீட்டு முன்புறம் எக்காலமும் வேலி கூடாதென்று ஒவ்வொரு காணி உறுதிப் பத்திரத்திலும் எழுதுவித்தவன். தகப்பன் திரும்பி வந்து இந்தத் தெருவைக் கட்டியபோது, அதையே இங்கும் எழுதுவித்தாராம். இருவரும் செத்து எவ்வளவோ காலம். நிபந்தனை மட்டும் சாகவில்லை.

"அப்ப அகதி எண்டு எனக்குப் போட்ட சட்டமில்லை," என்று எழுந்த லூர்தம்மா, கிழவர் கோப்பி குடித்து முடிக்குமுன் கட்டைகளைப் பிடுங்கத் தொடங்கினார். இவள் முகம் செத்துப்போயிற்று.

சில வாரத்தில் லூர்தம்மா எங்கள் படியேறி வந்தார். "பிள்ளை, எங்கடை பக்கத்து வீடு வெறுமையாகுது. அது கிழவரின்ரை வீடுதான், கைச்சாடையிலை உங்களுக்காகக் கதைச்சுப்போட்டன். வேலியும் இல்லை, ஒரே வளவு மாதிரி இருக்கலாம்."

சந்தோசத்தில் நான் அவருக்குக் கோப்பி போட ஓடினேன். அவர் போனதும் இவள் கதவைச் சாத்தினாள்.

"அவ பாத்துத் தந்த வீட்டிலை நான் இருக்கிறதோ? செத்தாலும் மாட்டன்!"

கெஞ்சினேன், ஏசினேன். அசையவில்லை.

அந்த வீட்டுக்கு எங்கள் கீழ்மாடி யோகமலர் போய்விட்டாள். இப்போது என் மனைவிக்கு இரண்டு பேர்மேல் பொறாமை.